பழகிய சத்தம்

அந்தத் தையல் கூடத்தில் யாருக்கும் சொந்தப் பெயர் கிடையாது. சட்டையில் எந்த இடத்தைத் தைக்கிறார்களோ அதுதான் பெயர். வீட்டில் ஆசை ஆசையாக வைத்த பெயர் ஒன்று இருக்கும். அது செருப்போடு சேர்ந்து வாசலிலேயே கழன்றுகொள்ளும். உள்ளே வந்துவிட்டால் கை, பாக்கெட், முதுகு, பட்டி. கழுத்துப்பட்டை தைப்பவள் காலர். அவளுக்கு இடது பக்கம் உட்கார்ந்து பட்டன் வைப்பவள் பட்டன். இந்தப் பட்டன் காலருக்கு நாத்தனார். காலரின் புருஷன், அதாவது பட்டனின் அண்ணன், கூடத்தின் மறுகோடியில் வெட்டு மேசையில் நிற்பவர். அவரை மட்டும் எல்லோரும் மரியாதையாக மாஸ்டர் என்பார்கள். மேற்பார்வை பார்க்கிறவருக்குக் கடியாரம் என்று பெயர். அது அவருக்கு மட்டும் தெரியாது.

காலரும் பட்டனும் மாஸ்டரும் ஒரே வீட்டிலிருந்து வருகிறவர்கள். வீடு என்றால் ஓர் அறை, அதை ஒட்டி அடுப்படி, அறைக்கு நடுவில் ஒரு துணித் திரை. திரைக்கு இந்தப் பக்கம் யாராவது பெருமூச்சு விட்டால் அந்தப் பக்கத்திலிருந்து "என்ன ஆச்சு?" என்று குரல் வரும். ஒரு ரகசியத்தை வைக்க அங்கே இடமில்லை.

ஆகவே காலரும் பட்டனும் மனம்விட்டுப் பேசுவது கூடத்தில்தான். முப்பத்திரண்டு மெஷினும் ஓடத் தொடங்கினால் தகரக் கூரைமேல் கல்லைக் கொட்டுவது போல இருக்கும். அதற்குள் பேச ஒரு முறை உண்டு. கையை எடுக்கக் கூடாது, தலையைத் தூக்கக் கூடாது. பக்கத்திலிருப்பவள் காதைப் பார்த்துத் தாடையைச் சாய்த்து, அடிவயிற்றிலிருந்து கத்த வேண்டும். அப்படிக் கத்தினால் கேட்க வேண்டியவளுக்கு அது முணுமுணுப்பாக வந்து சேரும். மற்றவர்களுக்கு வாய் அசைவதுகூடத் தெரியாது. காலர் பதினோரு வருடமாக அப்படித்தான் ரகசியம் பேசுகிறாள்.

ஆறு வாரமாக அவர்கள் பேசியது ஒரு கடிதத்தைப் பற்றி. இரண்டு நாள் ரயில் தூரத்தில் ஒரு துறைமுகம். அங்கே கிரேன் ஓட்டப் பழக்குகிறார்கள். பதினாறு மாதம், தங்க இடமும் உண்டு. பட்டன் யாருக்கும் சொல்லாமல் எழுதிப் போட்டிருந்தாள். பதில் கூடத்து விலாசத்துக்கு வந்தது. அதை நான்காக மடித்துப் பட்டன் டப்பாவின் அடியில் வைத்திருந்தாள். ஒன்றாம் தேதி வந்து சேர வேண்டும், வராவிட்டால் இடம் அடுத்த ஆளுக்கு என்று எழுதியிருந்தது.

"கிரேன்னா எவ்வளவு உசரம்டி?" என்று காலர் கத்துவாள்.

"பதினாலு மாடி, அண்ணி!"

"ஸ்டூல் மேல ஏறினாலே உனக்குக் கால் நடுங்குமே!"

"ஸ்டூல் ஆடும் அண்ணி. கிரேன் ஆடாது."

"மேல போய் உக்காந்துகிட்டு, பட்டன் கீழ விழுந்துடுச்சுன்னு தேடிக்கிட்டிருக்காதே!"

இருவரும் தலை நிமிராமல் சிரிப்பார்கள். தோள் மட்டும் குலுங்கும். மெஷின் அதிர்வில் அதுவும் வித்தியாசமாகத் தெரியாது.

அண்ணனிடம் சொல்வதுதான் பாக்கி. பட்டனுக்கு ஒன்பது வயதானபோது அப்பாவும் அம்மாவும் அடுத்தடுத்துப் போனார்கள். அன்றிலிருந்து தலை பின்னிவிட்டது முதல் காய்ச்சலுக்குக் கஞ்சி வைத்தது வரை அண்ணன்தான். "அவர் சரின்னு ஒரு வார்த்தை சொல்லணும் அண்ணி. திரும்பி வர ஒரு வீடு வேணுமில்ல?" என்று பட்டன் பல தடவை சொல்லியிருந்தாள். சொல்லும் பொறுப்பைக் காலர் எடுத்துக்கொண்டாள். அவர் வயிறு நிறைந்து, முதலாளியிடம் பேச்சு வாங்காத ஒரு நாளாகப் பார்த்துச் சொல்ல வேண்டும். அப்படி ஒரு நாள் அமையவில்லை.

இந்த நிலையில்தான் கூடத்துக்குச் சத்தந்தின்னிகள் வந்தன.

யாரோ இரண்டு பேர் ஒரு கருவியோடு வந்து கூடத்தின் இரைச்சலை அளந்துவிட்டு, மனிதக் காது தாங்காது என்று எழுதிக் கொடுத்துப் போனார்கள். மறு வாரம் ஒருவர் முட்டை அடுக்கும் அட்டைத் தட்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாகச் சுமந்து வந்தார். குழிக்கு ஒன்றாகச் சத்தந்தின்னிகள் பஞ்சில் கிடந்தன. பார்த்தால் கல்தான்: கட்டைவிரல் நீளம், ஆறு பட்டை, புகை படிந்த கண்ணாடி போல நிறம். கால் கிடையாது. ஒரு பக்கம் வளர்ந்து மறு பக்கம் உதிர்த்து நகரும்; அரை நாள் பார்த்துக்கொண்டிருந்தால் அரை அங்குலம் நகர்ந்திருப்பது தெரியும். பசித்தால் கண்ணுக்கே தெரியாத அளவுக்குத் தெளிந்துவிடும். வயிறு நிறைந்தால் பால் போல வெளுக்கும்.

"கடிக்குமா?" என்று கேட்டாள் கை.

"வாயே கிடையாதும்மா" என்றார் தட்டுக்காரர்.

"வாயில்லாம எப்படித் தின்னும்?"

"உடம்பெல்லாம் வாய்தான்."

"அப்ப நம்ம முதுகு மாதிரின்னு சொல்லுங்க" என்றாள் பாக்கெட். முதுகு தைப்பவள் காலையில் வாயைத் திறந்தால் மாலையில்தான் மூடுவாள். அவளும் சேர்ந்து சிரித்தாள்.

"நாங்க பேசறதையும் தின்னுடுமா?" என்று கேட்டது காலர்.

"பழகின சத்தத்தைத்தான் தொடும். ஒரே சத்தம், ஒரே மாதிரி, மூணு நாள் காதுல விழணும். அப்பதான் ருசி பிடிபடும். பிடிபட்டா விடாது. புதுசா எது கேட்டாலும் வாய் வைக்காது. மனுஷங்க ஒரு தரம் பேசின மாதிரி மறு தரம் பேசறதில்லையே, அதனால பயப்படாதீங்க."

ஒவ்வொரு மெஷினுக்கு மேலும் ஒரு கம்பி வலையில் அவற்றைத் தொங்கவிட்டார்கள். முதல் நாள் ஒன்றும் நடக்கவில்லை. இரண்டாம் நாளும் நடக்கவில்லை. முதலாளியைத் தட்டுக்காரர் நன்றாக ஏமாற்றிவிட்டார் என்று பேசிக்கொண்டார்கள். மூன்றாம் நாள் மாலை சத்தம் கொஞ்சம் நீர்த்தது போல இருந்தது. நான்காம் நாள் காலையில் முப்பத்திரண்டு ஊசிகளும் ஏறி இறங்கின, சக்கரங்கள் சுற்றின, பலகை கையில் அதிர்ந்தது. ஆனால் சத்தம் இல்லை. வலைகளுக்குள் எல்லாம் வெளுத்துக் கிடந்தன.

அந்தக் காலைப் பொழுது முழுவதும் கூத்துதான். நூல் பாபின் வேண்டும் என்று கை கத்தியதில் பட்டி துள்ளி எழுந்து விரலில் ஊசியை வாங்கிக்கொண்டாள். முதுகு வழக்கம்போலப் பக்கத்தில் சாய்ந்து, "சொட்டைக் கடியாரம் இன்னிக்கு அஞ்சு நிமிஷம் லேட்டு" என்றாள். கூடத்தின் நடுவில் நின்றுகொண்டிருந்த மேற்பார்வையாளர் தன் தலையைத் தடவிப் பார்த்துக்கொண்டார். பத்து வருடத்துப் பெயர் அவருக்கு அன்றுதான் தெரிந்தது.

எல்லோரும் குரலைத் தணிக்கப் பார்த்தார்கள். அது வரவில்லை. அவர்களில் பலருக்கு மெல்லப் பேசுவது எப்படி என்பதே மறந்து போயிருந்தது.

காலர் நிதானமானவள். மதியம் வரை வாயைத் திறக்கவில்லை. சாப்பாட்டுக்குப் பிறகு பட்டன் கண்ணால் ஜாடை காட்டினாள்: சொல்லியாச்சா? காலர் சுற்றிலும் பார்த்தாள். தாடையைச் சாய்த்தாள். இன்று சத்தம் இல்லை, பாதிக் குரல் போதும் என்று நினைத்துக்கொண்டாள். அவளுடைய பாதிக் குரல் தெருவில் காய்கறி விற்கிறவரின் முழுக் குரலுக்குச் சமம் என்பது அவளுக்குத் தெரியாது.

"ஒண்ணாம் தேதி கிரேன் ஓட்டப் போகணும்னு உங்க அண்ணன்கிட்ட இன்னும் வாயைத் திறக்கலைடி! நீ பெட்டியைத் தயாரா வை, நான் எப்படியாவது சொல்லிடறேன்!"

முப்பத்தொரு தலைகள் நிமிர்ந்தன. மெஷின்கள் ஓசையில்லாமல் ஓடிக்கொண்டிருந்தன.

வெட்டு மேசையில் மாஸ்டர் நிமிரவில்லை. கையிலிருந்த வெட்டுக் கருவி மட்டும் கோட்டைத் தாண்டிச் சற்று உள்ளே போனது. அன்று அறுபது சட்டைகளின் வலது முன்பக்கம் ஒரு விரற்கடை குறைவாக வந்தது. அப்படி அதற்குமுன் நடந்ததில்லை.

ஒன்றாம் தேதிக்கு இன்னும் பதினாறு நாள் இருந்தது.

மாஸ்டர் வீடு வந்து சேர்ந்தார். கை கால் கழுவி, திரையை ஒதுக்கி, நாற்காலியில் உட்கார்ந்த பிறகு கேட்டார்.

"கிரேனா?"

பட்டன் திரையின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டாள்.

"பட்டன் தூக்கற கையால கப்பல் சாமானைத் தூக்கப் போறாங்களாமா?"

"அண்ணா, அங்க கத்துக்குடுப்பாங்க..."

"பாக்கெட் வந்து எனக்குக் கை குடுக்குது. 'தங்கச்சி கிரேன் ஓட்டப் போகுதாமே மாஸ்டர்'னு கேக்குது. கூடம் முழுக்கத் தெரிஞ்ச பிறகு கடைசி ஆளா எனக்குத் தெரியுது."

"நான் சொல்றேன்னு சொல்லியிருந்தேங்க. தப்பு என் மேலதான்" என்றாள் காலர்.

"நீதான் சொன்னியே. நல்லாத்தான் சொன்னே. இன்னும் கொஞ்சம் கத்தியிருந்தா துறைமுகத்துக்கே கேட்டிருக்கும்."

காலருக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டாள். மாஸ்டர் எழுந்து நின்று, விரலை நீட்டி, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார்.

"இந்த வீட்டை விட்டு ஒரு அடி வெளிய வெச்சே, அண்ணன்னு ஒருத்தன் இருக்கான்கறதை மறந்துடு."

மறுநாள் காலையிலும் அதையே சொன்னார். மாலையிலும் சொன்னார். மாஸ்டருக்கு எதற்கும் ஓர் அட்டை வேண்டும். சட்டைக்கு ஓர் அட்டை வெட்டி வைத்துக்கொண்டால் பத்தாயிரம் சட்டைக்கு அதையே வைத்துக் கோடு போடுவார், மயிரிழை மாறாது. கோபத்துக்கும் அப்படியே. ஒரு தடவை வெட்டிய வாக்கியத்தை அதே இடத்தில் அழுத்தி, அதே இடத்தில் மூச்சுவிட்டு, விரலை அதே உயரத்துக்கு நீட்டிச் சொன்னார். வேறு எதுவும் கேட்கவில்லை. எத்தனை மாதம், எங்கே தங்குவாள், திரும்ப எப்போது வருவாள் என்று ஒரு கேள்வி இல்லை.

பட்டன் தினமும் காலையில் அவர்களுக்குக் கால்மணி முன்னதாகக் கிளம்புவாள். பட்டன்களை நிறம் பிரித்து வைக்க வேண்டும். வாசற்படியில் நின்று "போயிட்டு வரேன்" என்பாள். அவர் கண்ணாடியைப் பார்த்தபடி "ம்" என்பார். அந்த "ம்" நின்றுபோயிற்று.

கூடத்தில் நல்ல தீனி. சத்தந்தின்னிகள் கொழுத்துக் குட்டி போட்டன. பட்டைகளின் ஓரத்தில் கடுகளவில் முளைத்து, பயறளவானதும் தரையில் உதிர்ந்தன. கடியாரம் அவற்றைக் கூட்டி ஒரு டப்பாவில் போட்டு, வேண்டும் என்கிறவர்கள் எடுத்துக்கொள்ளலாம் என்றார். மாஸ்டர் ஒன்று எடுத்துக்கொண்டார். பக்கத்து வீட்டுத் தண்ணீர் மோட்டார் தினமும் விடியற்காலையில் அரைமணி நேரம் உறுமும். அதனால் தனக்குத் தலைவலி என்று அவர் வருடக்கணக்காகச் சொல்லிவந்தார். கொண்டுவந்த சின்னதை ஜன்னல் விளிம்பில் ஒரு பாட்டில் மூடியில் வைத்தார்.

மூன்று நாளில் வீட்டுக்குள் மோட்டார் சத்தம் நின்றது. "பாத்தியா?" என்றார் பொதுவாக.

அடுத்தது குக்கர் விசில். நாலு விசிலுக்கு இறக்க வேண்டியதை இறக்காமல், காலர் முதல் விசிலுக்காகக் காத்துக்கொண்டே நின்றாள். குழைந்து போன சாப்பாட்டை மாஸ்டர் தின்று முடித்தார். பிறகு அவள் ஆவி சீறுவதைக் கண்ணால் பார்த்து எண்ணப் பழகினாள்.

அதற்கு மறுநாள் காலை மாஸ்டர் எழுந்து நின்றார், விரலை நீட்டினார், வாயை அசைத்தார். குரல் வரவில்லை.

காலரும் பட்டனும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஜன்னல் விளிம்பில் அந்தச் சின்னது கொஞ்சம் வெளுத்தது. மாஸ்டருக்கு ஒன்றும் தெரியவில்லை. தன் குரல் தன் மண்டைக்குள் கேட்கும். எலும்பு வழியாகப் போகிற சத்தத்தை அதுகளால் தொட முடியாது. அவர் சொல்ல வேண்டியதைச் சொல்லி முடித்த திருப்தியோடு சட்டையை மாட்டினார். காலர் ஒரு மரியாதைக்குத் தலையை ஆட்டி வைத்தாள்.

அது அவளுக்கு ஒருவிதத்தில் வசதியாகவே இருந்தது. ஆனால் அன்றிரவே அவளுக்கும் அதே கதி வந்தது. "சாப்பிட வாங்க" என்று அடுப்படியிலிருந்து கூப்பிட்டாள். யாரும் வரவில்லை. மறுபடி கூப்பிட்டாள். எட்டிப் பார்த்தால் அவர் பாட்டுக்கு ஜன்னலைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார். பதினோரு வருடமாக ஒரே இரண்டு வார்த்தை, ஒரே இழுப்பு. அவளுக்குச் சற்று வெட்கமாக இருந்தது. "தட்டு ஆறிக்கிட்டிருக்கு" என்றாள். அது கேட்டது. மறுநாள் "இன்னிக்கு உப்பு சரியா இருக்கான்னு வந்து சொல்லுங்க." அதற்கு மறுநாள் "பசிக்காத ஆளு யாராவது இருக்கீங்களா?" மாஸ்டர் முதல் தடவையாக ஜன்னல் பக்கம் பார்க்காமல் அவளைப் பார்த்தார்.

"என்ன, புதுசு புதுசா கூப்பிடறே?"

"சும்மாதான்."

சொல்லியிருக்கலாம். சொன்னால் அவர் அந்தக் கல்லைத் தூக்கித் தெருவில் எறிந்துவிட்டு மறுபடி விரலை நீட்டுவார். அதனால் சொல்லவில்லை.

பட்டன் மட்டும் மாறவில்லை. "கேக்காட்டிப் போகுது அண்ணி. அவர் சொல்லிக்கிட்டுத்தானே இருக்கார்?" என்றாள் கூடத்து வாசலில். அவளும் மெல்லப் பேசப் பழகிக்கொண்டிருந்தாள். வார்த்தைகள் பாதி காற்றாகவே வந்தன. "அண்ணன் இருக்கறதை மறந்துடுன்னு சொல்றார். அதைக் காதுல வாங்காம எப்படிப் போறது?"

"அப்ப போகலியா?"

"போகாம இருக்கவும் முடியல."

ஒன்றாம் தேதிக்கு இரண்டு நாள் முன்னதாகக் கிளம்ப வேண்டும்; ரயில் காலையில். பட்டன் விடியும்போதே குளித்துப் பெட்டியைக் கட்டிவிட்டாள். பெட்டி என்றால் ஒரு பழைய துணிப் பை. ஜிப் பாதி தூரம் வந்து முரண்டு பிடித்தது. கடிதத்தை எடுத்து ஒரு தடவை படித்தாள். திரும்ப மடித்தாள். மாஸ்டர் கண்ணாடி முன் நின்று முகத்தில் சோப்பு நுரையோடு அவளைக் கண்ணாடிக்குள் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு திரும்பி நின்று விரலை நீட்டி வாயை அசைத்தார். ஒன்றும் கேட்கவில்லை. மோட்டார் ஓடும் நேரம்; அதுவும் கேட்கவில்லை.

பட்டன் பையைத் தோளில் மாட்டினாள். வாசற்படிவரை போனாள். நின்றாள். அவருடைய முகத்தைப் பார்த்து எதையோ சொன்னாள்.

உதடு அசைந்தது. குரல் இல்லை.

மாஸ்டரின் கை பாதியில் நின்றது. "என்ன சொன்னே?"

அவள் மறுபடி சொன்னாள். மறுபடியும் வெறும் உதடு.

"என்ன சொல்றா இவ?" என்று காலர் பக்கம் திரும்பினார். குரல் ஒரு மாதிரியாக இருந்தது. "போறேன்னா சொன்னா? போறேன்னு மட்டுமா சொன்னா?"

காலர் அந்த உதட்டைப் பார்த்திருந்தாள். தினமும் காலையில் பார்க்கிற உதடுதான். "போறேன்னு சொல்லியிருந்தா உங்களுக்குக் கேட்டிருக்கும்" என்றாள். "அந்த வார்த்தையை இந்த வீட்டுல யாரும் சொன்னதில்ல. தினமும் சொல்றதைத்தான் சொன்னா. அது தின்னுடுச்சு."

மாஸ்டர் ஜன்னலைப் பார்த்தார். பயறளவில் வந்தது இப்போது புளியங்கொட்டை அளவில், சுத்த வெள்ளையாக இருந்தது. கிட்டப் போய்க் குனிந்து பார்த்தார். நுரை காய்ந்து கன்னத்தில் இழுத்தது.

"அப்ப நான் சொன்னது?"

"ஆறு நாளா கேக்கலைங்க."

"அப்புறம் எதுக்குத் தலையை ஆட்டினே?"

"ஏதோ சொல்றீங்களேன்னுதான்."

பட்டன் படியில் நின்று சிரிக்கக் கூடாது என்று கீழே பார்த்தாள். மாஸ்டர் துண்டால் முகத்தைத் துடைத்தார். பாதி நுரை காதோரம் அப்படியே இருந்தது. அட்டை கைதவறிவிட்ட ஆள் போல மேசையை, திரையை, சுவரை என்று ஒவ்வொன்றாகப் பார்த்தார். சொல்ல வேறு வாக்கியம் அவரிடம் இல்லை என்று காலருக்குத் தெரிந்தது.

"வெளிய வா" என்றார் கடைசியில். "வெளிய வந்து சொல்லு."

அவரே முதலில் படியிறங்கினார். வெறுங்காலோடு இருபது எட்டு நடந்து, பக்கத்து வீட்டைத் தாண்டி, தெருவிளக்குக் கம்பம் வரை போய் நின்றார். மோட்டார் சத்தம் அங்கே காதைப் பிளந்தது. பட்டன் பின்னாலேயே போனாள். காலர் மூன்றாவதாக.

பட்டன் தாடையைச் சாய்த்தாள். கூடத்தில் பழகிய முறை மறக்குமா? அடிவயிற்றிலிருந்து, மோட்டாருக்கு மேலே, ஒரு கத்தல்:

"போயிட்டு வரேன், அண்ணா!"

எதிர் வீட்டில் இரண்டு ஜன்னல்கள் திறந்தன.

"ம்" என்றார் மாஸ்டர்.

பையின் ஜிப் அந்தக் கத்தலோடு முழுசாக வாயைப் பிளந்துகொண்டது. நீலச் சட்டை ஒன்றின் கை வெளியே வந்து தொங்கியது. அவர் குனிந்து அதை உள்ளே திணித்தார். இடுப்பு மடிப்பிலிருந்து, எப்போதும் வைத்திருக்கும் வெள்ளை நாடாச் சுருளை எடுத்துப் பையைச் சுற்றி ஒரு தடவை அளந்தார். பிறகு இன்னொரு சுற்று விட்டு, பல்லால் கடித்து அறுத்து, முடிச்சுப் போட்டார். இழுத்துப் பார்த்தார். அவிழவில்லை.

"வரும்போது நாடாவை எடுத்துக்கிட்டு வந்துடு" என்றார். "கூடத்து நாடா."